ஆறு நிறுத்தங்களில் ஒரு பாரம்பரியம்

புடாபெஸ்டின் மத்தியச் சந்தைக்குள் நுழைந்ததும் எங்கள் வழிகாட்டி முதலில் செய்தது, சிவப்புத் தூள் அடைத்த ஒரு சின்னத் துணிப்பையைத் தூக்கிக் காட்டியதுதான். "இதுதான் ஹங்கேரி. ஆயிரம் வருஷப் பாரம்பரியம் இந்தப் பைக்குள்ள இருக்கு" என்றார். பன்னிரண்டு பேரும் ஃபோனை எடுத்தோம். நானும்தான். படம் எடுத்து முடித்த பிறகுதான் கணக்கு இடித்தது. மிளகாய் அமெரிக்கக் கண்டத்துச் செடி. கொலம்பஸ் கப்பலேறியதே 1492-ல். மகியார்கள் கார்பேத்திய மலைகளைத் தாண்டி இந்தச் சமவெளிக்கு வந்தது 9ஆம் நூற்றாண்டின் கடைசியில். அதாவது, அவர்கள் வந்து குடியேறி அறுநூறு வருடம் கழித்துத்தான் அந்தப் பைக்குள் இருக்கும் சங்கதி ஐரோப்பாவையே எட்டிப் பார்க்கிறது.

எல்லார் முன்னாலும் இதைச் சொல்லி அவரை மடக்க எனக்கு மனசு வரவில்லை. சுற்றுலாவில் ஆயிரம் என்பது ஒரு எண் கிடையாது, 'ரொம்பக் காலமா' என்பதற்கான பேச்சுவழக்கு. ஆனால் அன்றைக்கு மூன்றரை மணி நேரம் நடந்து, ஆறு இடங்களில் தின்று, இரண்டு கோப்பை பாலிங்கா குடித்த பிறகும் அந்த ஆயிரம் என்னை விடவில்லை. நாங்கள் தின்ற ஒவ்வொன்றுக்கும் ஒரு தேதி இருந்தது. அந்தத் தேதியை மட்டும் யாரும் பரிமாறவில்லை.

உணவு நடை என்ற இந்த வடிவம் இன்று உலகத்தின் எல்லாப் பெருநகரங்களிலும் இருக்கிறது. ஒரு சந்தை, ஒரு தெருவோரப் பண்டம், ஒரு 'உள்ளூர்க்காரர்கள் சாப்பிடும்' கடை, கடைசியில் ஒரு இனிப்பு. இடையிடையே கதை. கதைசொல்லி உண்டு, அத்தியாயம் உண்டு, உச்சம்கூட உண்டு. அப்படியானால் இதை ஒரு பிரதியாகவே வாசிக்கலாம். நாவலில் எது சொல்லப்படுகிறது, எது விடப்படுகிறது என்று கேட்பதைப் போல இங்கேயும் கேட்கலாம். சாப்பாட்டு விஷயத்துக்கு எதுக்குப்பா இவ்வளவு என்று தோன்றினால், கொஞ்சம் பொறுங்கள்.

முதலில் அந்த மிளகாய்க்கே வருவோம். நம் ஊருக்கும் அதைக் கொண்டுவந்தது போர்த்துக்கீசியர்கள்தான். புதிதாக வந்த காரத்துக்குப் பெயர் தேடியபோது, ஏற்கெனவே தெரிந்த மிளகோடு ஒரு 'காய்' சேர்த்து முடித்துக்கொண்டோம். ஹங்கேரியர்களும் அதே காரியத்தைத்தான் செய்திருக்கிறார்கள். முதலில் அவர்கள் வைத்த பெயர் 'துருக்கி மிளகு'. பிறகு நிலைத்த பாப்ரிகா என்ற சொல்லும் மிளகைக் குறிக்கும் ஸ்லாவியச் சொல் ஒன்றின் வழியாக வந்ததுதான். துருக்கி என்ற அடைமொழி சும்மா வரவில்லை. 1541-ல் ஒட்டோமான் சுல்தான் சுலைமான் புடா கோட்டையைப் பிடித்தார். 1686 வரை அந்நகரம் அவர்கள் கையில் இருந்தது. நாட்டின் அடையாளமாக இன்று காட்டப்படும் பொருள், நாட்டைப் பிடித்து வைத்திருந்தவர்களின் காலத்தில் அவர்கள் பெயரோடு உள்ளே வந்தது. முதலில் அதைச் சமைத்தவர்கள் குடியானவர்கள். மேட்டுக்குடியின் சாப்பாட்டு மேசைக்கு அது ஏற ரொம்ப நாளானது.

அதற்குப் பிறகான கதையும் சுவாரசியம்தான். செகெட், கலோச்சா ஆகிய இரு ஊர்களைச் சுற்றித்தான் பாப்ரிகா விவசாயம் வளர்ந்தது. ஆரம்பத்தில் அது நல்ல காரம். விதையையும் உள்நரம்பையும் நீக்கிவிட்டு அரைத்துக் காரத்தைக் குறைக்கும் முறை 19ஆம் நூற்றாண்டில் வந்தது. காரமே இல்லாத இனிப்பு வகைச் செடி உருவானது 20ஆம் நூற்றாண்டில்தான். செகெட் பல்கலைக்கழகத்தில் இருந்த ஆல்பெர்ட் செண்ட்-ஜ்யார்ஜி இந்தப் பாப்ரிகாவிலிருந்துதான் வைட்டமின் சி-யைப் பெருமளவில் பிரித்தெடுத்தார். 1937-ல் அவருக்கு நோபல் கிடைத்தது. இதை வழிகாட்டி சொன்னார், பெருமையாகவே சொன்னார். அவர் சொல்லாதது 1994. அந்த வருடம் நிறம் தூக்கலாகத் தெரிவதற்காகப் பாப்ரிகாத் தூளில் ஈய ஆக்சைடைக் கலந்து விற்று, அதைச் சாப்பிட்ட பலர் ஈய நஞ்சால் மருத்துவமனைக்குப் போனார்கள். கம்யூனிச ஆட்சி போய்த் தனியார் வியாபாரம் கட்டுப்பாடில்லாமல் பெருகிய புதுசு. ஒரு சிட்டிகை தூளுக்குள் பேரரசும் குடியானவனும் ஆய்வுக்கூடமும் கலப்படக்காரனும் இருக்கிறார்கள். 'ஆயிரம் வருஷம்' என்று சொன்ன உடனே இவர்கள் எல்லோரும் காணாமல் போகிறார்கள். என் புகார் இதுதான்.

நியாயமாகச் சொல்ல வேண்டும். வழிகாட்டி நல்ல கதைசொல்லி. முப்பது வயதிருக்கும், குரலில் ஒரு கிண்டல் எப்போதும் இருந்தது. கறுப்பு சூப் கதையை அவர் சொன்னதைக் கேட்டிருக்க வேண்டும். புடா வீழ்ந்த அன்று சுலைமான் ஹங்கேரியப் பிரபுக்களுக்கு விருந்து வைத்தாராம். சாப்பிட்டு முடித்து பாலிந்த் தோரோக் என்ற பிரபு கிளம்பப் பார்த்தபோது, 'இருங்கள், கறுப்பு சூப் இன்னும் வரவில்லை' என்று உட்கார வைத்தார்களாம். கறுப்பு சூப் என்றால் காபி. அது வந்து முடிவதற்குள் வெளியே கோட்டை கைமாறிவிட்டது, தோரோக் கைதியாகிவிட்டார். இன்றும் ஹங்கேரியில் 'கறுப்பு சூப் இன்னும் பாக்கி இருக்கு' என்றால் மோசமானது இனிமேல்தான் வரப்போகிறது என்று அர்த்தம். காபிப் பகுதி ஐதீகம்தான், தோரோக் சிறைப்பட்டது வரலாறு. இந்த ஒரு கதைக்காகவே கொடுத்த காசு சரி என்று நினைத்தேன்.

குயாஷ் விஷயத்திலும் அவர் எங்கள் கண்ணைத் திறந்தார். வெளிநாட்டு ஹோட்டல்களில் கூலாஷ் என்று கெட்டியாக வருவது உண்மையில் பொர்கொல்ட் என்ற இன்னொரு பதார்த்தம். குயாஷ் என்பது நீர்க்க இருக்கும் சூப்பு. மாட்டிறைச்சி, வெங்காயம், உருளைக்கிழங்கு, பாப்ரிகா, கொஞ்சம் சீரகம் போலத் தோன்றும் காரவே விதை. குயா என்றால் மாட்டு மந்தை, குயாஷ் என்றால் மந்தை மேய்ப்பவன். மேய்ச்சல் சமவெளியில் கொப்பரையைத் தொங்கவிட்டு மேய்ப்பர்கள் சமைத்த உணவு. இதோடு அவர் நிறுத்திக்கொண்டார். மேய்ப்பனின் சாப்பாடு எப்படித் தேசத்தின் சாப்பாடானது என்ற கேள்விக்குள் அவர் போகவில்லை. இனவரைவியலாளர் எஸ்தெர் கிஷ்பான் அதை ஆராய்ந்து எழுதியிருக்கிறார். ஹாப்ஸ்பர்க் பேரரசர் இரண்டாம் ஜோசப் 1784-ல் ஜெர்மனை ஆட்சி மொழியாக்கி உத்தரவு போட்டார். ஹங்கேரியப் பிரபுக்களுக்கு எரிந்தது. வியன்னாவிலிருந்து நாங்கள் வேறு என்று காட்ட ஆடை வேண்டும், மொழி வேண்டும், சாப்பாடும் வேண்டும். அதுவரை தங்கள் வீட்டில் நுழைய விடாத மாட்டுக்காரனின் சூப்பை எடுத்து மேசையில் வைத்தார்கள். மாட்டுக்காரனை மேசைக்குக் கூப்பிட்டதாகத் தகவல் இல்லை.

இதைச் சொன்னால் சூப்பின் ருசி கெட்டுவிடுமா என்ன? எனக்கு இன்னொரு கரண்டி கேட்கத் தோன்றியது.

சூப்புக்கு ஆசிரியர் பெயர் கிடையாது, கேக்குக்கு உண்டு என்பது இந்த நடையில் தற்செயலாகக் கவனித்தது. தோபோஷ் கேக்கை யோஜெஃப் தோபோஷ் 1885 தேசியக் கண்காட்சியில் அறிமுகப்படுத்தினார். குளிர்சாதனம் இல்லாத காலத்தில் கேக் காயாமல் இருக்க மேலே காரமெல் தகடு. செய்முறையை 1906-ல் மிட்டாய்க்காரர்கள் சங்கத்திடம் கொடுத்துவிட்டார். ரிகோ யான்சி என்ற சாக்லேட் கேக்குக்கு ஒரு ரோமா வயலின் கலைஞரின் பெயர். ஓர் அமெரிக்கப் பணக்கார வீட்டுப் பெண், பெல்ஜிய இளவரசரின் மனைவி, அவரோடு ஓடிப்போனது அன்றைய ஐரோப்பாவின் பெரிய கிசுகிசு. நாங்கள் கேட்ட மூன்றரை மணி நேரக் கதையில் ரோமா மக்கள் வந்த ஒரே இடம் அந்தக் கேக்தான்.

ஏழாம் வட்டத்துக்கு வந்தபோது சாயங்காலம் ஆகிவிட்டது. பழைய யூதக் குடியிருப்பு. தோஹானி தெருவின் பெரிய தொழுகைக்கூடத்தைத் தாண்டி, காசின்ட்சி தெருப் பக்கமாக ஒரு கடையில் ஃப்ளோத்னி தின்றோம். கசகசா, வால்நட், ஆப்பிள், பிளம் ஜாம் என்று அடுக்கடுக்காக மாவுத் தகடுகளுக்கு நடுவே வைத்துச் சுட்ட இனிப்பு. பசியோடு போகிறவர்கள் ஒரு துண்டுக்கு மேல் முயலவேண்டாம், அவ்வளவு கனம். வழிகாட்டி சொன்னார்: "இங்க முன்னாடி நிறைய யூதர்கள் இருந்தாங்க. இது அவங்க சாப்பிட்டது." அடுத்த நிமிடம் நாங்கள் 'இடிபாட்டு மதுக்கூடம்' நோக்கி நடந்துகொண்டிருந்தோம். கவனிப்பாரற்றுக் கிடந்த பழைய கட்டடங்களைப் பிடித்து, உடைந்த நாற்காலியும் குளியல் தொட்டியுமாக அலங்கரித்த மதுக்கூடங்கள். இந்தக் கட்டடங்கள் ஏன் பாழாகக் கிடந்தன என்று யாரும் கேட்கவில்லை. கையில் பீர் வந்துவிட்டது.

'இருந்தாங்க' என்ற அந்த இறந்தகாலத்தில் இரண்டு தப்பு இருக்கிறது. முதல் தப்பு, எப்படி இல்லாமல் போனார்கள் என்பதை அது விழுங்குகிறது. 1944 மே நடுவிலிருந்து ஜூலை தொடக்கம் வரை, எட்டே வாரங்களில், நாலு லட்சத்துக்கும் மேலான யூதர்களை ஹங்கேரியின் மாகாணங்களிலிருந்து ரயிலேற்றினார்கள். பெரும்பாலோர் போய்ச் சேர்ந்தது ஆஷ்விட்ஸ். அந்த வருட இறுதியில் நாங்கள் நின்ற இதே தெருக்களை வேலிபோட்டு அடைத்து, சுமார் எழுபதாயிரம் பேரை உள்ளே வைத்தார்கள். 1945 ஜனவரியில் சோவியத் படை வந்தபோது தெருவில் பிணங்கள். அதில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் தோஹானி தொழுகைக்கூடத்தின் முற்றத்திலேயே புதைக்கப்பட்டிருக்கிறார்கள். இரண்டாவது தப்பு, அவர்கள் இன்றும் இருக்கிறார்கள். மத்திய ஐரோப்பாவின் பெரிய யூதச் சமூகங்களில் ஒன்று புடாபெஸ்டில்தான். காசின்ட்சி தெருவில் ஆர்த்தடாக்ஸ் தொழுகைக்கூடம் இயங்குகிறது, கோஷர் கடைகள் இருக்கின்றன. ஃப்ளோத்னியை நான் வாங்கியது அருங்காட்சியகத்தில் இல்லை.

'ஹங்கேரியின் சமையல்' என்ற தலைப்பில் 1971-ல் ஆங்கிலத்தில் வந்த புத்தகம், அந்நாட்டு உணவை வெளியுலகுக்கு எடுத்துச் சொன்ன முக்கியமான நூல்களில் ஒன்று. எழுதிய ஜார்ஜ் லாங், செக்கெஷ்ஃபெஹேர்வார் ஊரில் பிறந்த யூதர். பெற்றோரை ஆஷ்விட்ஸில் இழந்தவர். கட்டாய உழைப்பு முகாமிலிருந்து தப்பி நியூயார்க் போனார். கம்யூனிச ஆட்சி முடிந்த பிறகு திரும்பிவந்து புடாபெஸ்டின் புகழ்பெற்ற குண்டெல் உணவகத்தை மறுபடி திறந்தவர்களில் ஒருவர். 'அவங்க சாப்பிட்டது', 'நாம சாப்பிட்டது' என்று கோடு போடுகிறவர்கள் இந்த மனிதரை எந்தப் பக்கம் நிறுத்துவார்கள்?

மதுக்கூடத்துக்குப் போகும் வழியில் மற்றவர்கள் முன்னால் போய்விட்டார்கள். நான் ஷோலெத் பற்றிக் கேட்டேன். பீன்ஸும் பார்லியும் வாத்து இறைச்சியும் சேர்த்து வெள்ளி சாயங்காலம் அடுப்பில் வைத்து, சனி மதியம் வரை மெல்லிய சூட்டில் வேகவிடும் யூத உணவு. ஓய்வுநாளில் தீமூட்டக்கூடாது என்பதால் வந்த முறை. இன்று பன்றி இறைச்சி போட்டுக்கூட ஹங்கேரியர்கள் சமைக்கிறார்கள். வழிகாட்டி கொஞ்ச தூரம் பேசாமல் நடந்தார். பிறகு சொன்னார்: "எங்க பாட்டி சனிக்கிழமை ஷோலெத்தான் செய்வாங்க. வாத்து மட்டும்தான் போடுவாங்க. பன்னிக்கறி பிடிக்காதுன்னு சொல்லுவாங்க. நாங்க ஏன்னு கேட்டதில்ல. அவங்க போனப்புறம்தான் அம்மா சொன்னாங்க."

போருக்குப் பின் அங்கே பல குடும்பங்கள் தங்கள் யூத அடையாளத்தைப் பிள்ளைகளிடம்கூடச் சொல்லாமல் வளர்த்தன என்று படித்திருக்கிறேன். எதிரில் நின்று கேட்பது வேறு. அதை ஏன் நடையில் சொல்வதில்லை என்று கேட்க வாயெடுத்தேன். அதற்குள் மதுக்கூட வாசல் வந்துவிட்டது. அவர் குரலை மாற்றிக்கொண்டு, "சரி, யாருக்கெல்லாம் பாலிங்கா?" என்றார்.

அன்றிரவு விடுதியில் இதை யோசித்தேன். ஒரு பாட்டியின் ரகசியத்தைத் தினமும் மாலை ஐந்து மணிக்குப் பன்னிரண்டு அந்நியர்களுக்குப் பரிமாறு என்று அவரிடம் கேட்க எனக்கென்ன உரிமை? அவர் அதைச் சொல்லாமல் காப்பாற்றுகிறார் என்றுகூட வைத்துக்கொள்ளலாம். ஆனால் அவருடைய பாட்டியை விடுங்கள், 1944 யாருடைய சொந்த ரகசியமும் இல்லை. அதற்கு இரண்டு வாக்கியம் போதும். ஃப்ளோத்னியை மெல்ல ஆகும் நேரம்கூட ஆகாது. அதை எழுதிக் கொடுக்காதது அந்தப் பெண்ணின் பிழை இல்லை, நடையை வடிவமைத்தவர்களின் பிழை. சாப்பிடுகிறவன் சங்கடப்படக்கூடாது என்ற விதி அந்த வடிவத்துக்குள்ளேயே இருக்கிறது.

பிரியும்போது அவரிடம் ஒன்று மட்டும் கேட்டேன், "நீங்க மதியம் என்ன சாப்பிடுவீங்க?" சிரித்துவிட்டார். "ஃபோஸெலேக். ஆனா அதுக்கு யாரு டிக்கெட் வாங்குவாங்க?"

மறுநாள் வெள்ளிக்கிழமை. ரயிலுக்கு முன்னால், அவர் காகிதத்தில் எழுதிக்கொடுத்த ஒரு சின்னச் சாப்பாட்டுக் கடைக்குப் போனேன். ஹங்கேரியில் இம்மாதிரிக் கடைகளை எட்கெஸ்டே என்கிறார்கள். மதியம் மட்டும்தான். கட்டம்போட்ட மேசைவிரிப்பு, தெரியாதவரோடு மேசையைப் பகிர்ந்துகொள்ள வேண்டும். ஃபோஸெலேக் என்பது ஒரே காய்கறியை வேகவைத்து மாவும் புளித்த க்ரீமும் சேர்த்துக் கெட்டியாக்கியது. நம் கூட்டுக்குக் கொஞ்சம் தூரத்துச் சொந்தம் என்று சொல்லலாம், தாளிப்பு மட்டும் இல்லை. எனக்குச் சுரைக்காய் போன்ற ஒரு காய், சோயிக்கீரை வாசனையோடு வந்தது. மேலே ஒரு பொரித்த முட்டை. வெளிறிய பச்சை, படம் எடுத்தால் ஒன்றுமே தெரியாது. பள்ளிக்கூட மதிய உணவில் தின்று தின்று பாதிப் பேருக்கு வெறுத்துப்போன பதார்த்தம் என்று பிறகு தெரிந்துகொண்டேன்.

எதிரில் ஒரு வயதானவர் பட்டாணியில் செய்ததைத் தின்றுகொண்டிருந்தார். என் தட்டைப் பார்த்தார், பிறகு ரொட்டிக் கூடையை என் பக்கம் தள்ளிவிட்டு, துடைத்துச் சாப்பிடு என்று கையால் காட்டினார். மேசையில் பாப்ரிகாத் தூள் ஒரு சின்னக் கிண்ணத்தில் இருந்தது. அவர் அதைத் தொடவே இல்லை.