உப்பும் ஊமைப் படமும்

பெரிய முதலியார்சாவடியிலிருந்து கிழக்குக் கடற்கரைச் சாலையில் வடக்கே போனால் மரக்காணம் உப்பளம். அந்த வெள்ளைக் குவியல்களைப் பார்த்தாலே 1930 தண்டி யாத்திரையின் ஊமைச் செய்திப்படம் நினைவுக்கு வந்துவிடும். காந்தி விறுவிறுவென நடக்கிறார். வேகநடைக்காரர்தான், ஆனாலும் அதில் கொஞ்சம் கருவியின் கைவரிசை. ஊமைப்பட நாளில் நொடிக்கு 16, 18 சட்டகங்கள் என்று எடுத்ததை, பேசும்படம் வந்தபின் நிலைத்த 24 சட்டக வேகத்தில் ஓட்டினால் கிழவர்கூடக் குடுகுடுவென்றுதான் போவார்.

எனக்குத் தலைவர்களைவிட ஓரத்தில் நிற்பவர்கள்மேல்தான் கண். வேலையை மறந்து கேமராவையே வெறித்துக்கொண்டு யாராவது ஒருவர் நிற்பார். 1895இல் லூமியேர் எடுத்த ஆலைவாசல் படம் ஒரு நிமிடம்கூட இல்லை. அதற்குள்ளும் ஒரு நாய் வந்துபோகிறது. யார் கூப்பிட்டார்கள் அதை?

தண்டிப் படம்போல காந்தியைப் பற்றி நாடு நாடாகச் சிதறிக்கிடந்த படத்துண்டுகளைத் தேடி அலைந்தவர் கோட்டையூர்க்காரர் ஏ.கே. செட்டியார். சேர்த்தது சுமார் 50,000 அடிச் சுருள். 1940இல் அது ஆவணப்படமாக வெளிவந்தது. தண்டிப் படத்தில் அலைச்சத்தம் இல்லை. எங்களூர்க் கரையில் நின்றால் அது கேட்கும்.