வளையல் வசை

எதிரணியினர் வளையல் அணிந்து கொள்ளட்டும் என்று மேடையிலே முழங்குகிறார் ஒருவர். கையொலி எழுகிறது. முன்வரிசையிலே அமர்ந்திருக்கும் தாய்மாரின் கைகளிலும் வளையல்தான், அவர்களும் சிரிக்கிறார்கள். நாமும் கைதட்டியிருக்கிறோம், மறுப்பதற்கில்லை.

இந்த ஆண்மைக்குச் சான்றாக மேடை நீட்டுவது புறநானூறு. 278-ஆம் பாட்டின் முதியவள், மகன் புறமுதுகிட்டது மெய்யாயின் பாலூட்டிய மார்பை அறுத்தெறிவேன் எனச் சூளுரைத்துக் களம் புகுகிறாள். சிதைந்த உடலைக் கண்டதும், பெற்ற நாளினும் பெரிதாக மகிழ்கிறாள். 279-ஆம் பாட்டின் தாயோ, முன்னைய போர்களிலே குடும்பத்து ஆண்களை இழந்தவள். எஞ்சிய ஒரே மகனின் தலைக்கு எண்ணெய் தடவி, வேல் கொடுத்து அனுப்புகிறாள். பாடியோர் நச்செள்ளையாரும் மாசாத்தியாரும். ஆணுக்கு இலக்கணம் வகுக்கப் பெண்ணின் நாவே கருவியாயிற்று!

பாட்டின் திறத்தை நாம் குறைத்துரைக்கவில்லை. ஆயினும், மாசாத்தியார் அந்தத் தாயின் துணிவு கண்டு நடுங்குவது போலன்றோ தொடங்குகிறார்? நம் பேச்சாளர் அந்த முதலடியை விழுங்கிவிட்டு, வேலை மட்டும் ஓங்குகிறார். கேட்கும் சிறுவனுக்குக் கிடைப்பது வேல் ஒன்றே, நடுக்கம் கிடைப்பதில்லை.

பிறன் மனை நோக்காமையையே பேராண்மை என்றார் வள்ளுவர், 148-ஆம் குறளிலே. அவரே 91-ஆம் அதிகாரத்திலே மனைவி சொற்கேட்பவனை இழித்துரைத்ததும் உண்மைதான். பெண் விடுதலை பெற ஆண்மை என்பதே அழியவேண்டுமென்று, 'பெண் ஏன் அடிமையானாள்?' நூலிலே எழுதினார் பெரியார். அந்த நூலை ஓரத்திலே விற்றுக்கொண்டே, நடுமேடையிலே வளையல் வசை பாடுகிறோமே, இது எந்தப் பகுத்தறிவு?