யாரிடம் பாடுகிறார் சித் ஸ்ரீராம்?

புதுச்சேரியின் சேதராப்பட்டு தொழிற்பேட்டையில் ஷிப்ட் முடிந்து, மயிலம் சாலையில் பேருந்துக்கு நிற்கும் பையன்களின் காதுகளில் சித் ஸ்ரீராம் இல்லாத மாலை அபூர்வம். 'தள்ளிப் போகாதே' ஒருவனுக்கு, 'மறுவார்த்தை பேசாதே' இன்னொருவனுக்கு. அவர்களில் ஒரு தம்பிக்கு, அதே பாடகர் தானே எழுதிப் பாடிய 'என்ட்ரபி' ஆல்பத்தைப் போட்டுக் காட்டினேன். இரண்டாவது பாட்டிலேயே இயர்போனைக் கழற்றிவிட்டான். "குரல் அவரோடதுதான்ணே. யார்கிட்ட பேசுறார்னுதான் புரியல."

ஆங்கிலம் புரியவில்லை என்று அவன் சொல்லவில்லை. யாரிடம் என்று கேட்டான். தானே எழுதி, தானே மெட்டமைத்து, தானே பாடும் வழக்கத்தின் பலமும் பலவீனமும் அந்தக் கேள்விக்குள்ளேயே இருக்கின்றன.

ஸ்ரீராம் 1990இல் சென்னையில் பிறந்து, கைக்குழந்தையாகவே கலிபோர்னியா போனவர். தாய் லதா ஸ்ரீராமிடம் கர்நாடக இசை, பாஸ்டனில் பெர்க்லி இசைக் கல்லூரி. 2013இல் வெளிவந்த 'கடல்' படத்தின் 'அடியே' வழியாக ஏ.ஆர்.ரஹ்மான் அவரை நமக்குத் தந்தார். தன் பெயரில் 2019இல் 'என்ட்ரபி', 2023இல் டெஃப் ஜாம் நிறுவனத்தின் மூலம் 'சித்தார்த்'. இரண்டும் பெரும்பாலும் ஆங்கிலம். தமிழ்க் காதலின் குரலாகவே ஆகிவிட்ட ஒருவர், தன் மனத்தைச் சொல்ல மட்டும் வேறு மொழிக்குப் போனார்.

இந்தப் பாடல்களில் அவர் அடைந்த விடுதலையை முதலில் சொல்ல வேண்டும். பின்னணிப் பாடகர் இன்னொருவரின் உதட்டுக்குப் பாடுகிறவர். கதாநாயகன் எங்கே திரும்புவான், நடனம் எங்கே தொடங்கும் என்பது பாட்டின் மூச்சைத் தீர்மானிக்கும். ஆல்பத்தில் அந்த முகம் இல்லை. பல்லவி, சரணம் என்ற கட்டாயமும் இல்லை. தன் குரலையே அடுக்கடுக்காய்ப் பதிந்து, ஆர் அண்ட் பி தாளத்தின் நடுவே ஒரு கமகத்தை நழுவவிட்டு, முணுமுணுப்பில் பாட்டை முடித்துவிட முடிகிறது. தொண்டை கரகரத்தால் கரகரக்கட்டும் என்று விடுகிறார். அந்தக் கரகரப்பை நான் நம்புகிறேன்.

சொற்களிடம்தான் எனக்கு மனத்தாங்கல். புதுச்சேரிக்காரர்களுக்குப் பிரெஞ்சு 'ஷான்சோன்' பாடல் மரபு முற்றிலும் அந்நியமில்லை. பெல்ஜியத்தில் பிறந்த ழாக் பிரெல் 'நெ மெ கித் பா'வை ('என்னை விட்டுப் போகாதே') பதிவு செய்தது 1959இல். சட்டப்படி அப்போதும் நம் மண் பிரான்சுடையது, 1962 ஆகஸ்ட் 16 வரை. பிரெலும் தானே எழுதிப் பாடியவர்தான். ஆனால் இசையை எடுத்துவிட்டு அந்தப் பாட்டை வாசித்தாலும் கெஞ்சும் ஒரு மனிதன் எதிரே நிற்பான். 'என்ட்ரபி'யிலிருந்து குரலை எடுத்துவிட்டால் அத்தனை மிஞ்சுவதில்லை. ஒரு தெரு, ஒரு சாப்பாட்டுத் தட்டு, அவள் விட்டுப்போன ஒரு பொருள் என்று கண்ணில் படுவது குறைவு. வலி இருக்கிறது, வலித்த இடம் தெரியவில்லை.

சினிமாவில் அவர் பாடியவற்றோடு ஒப்பிட்டால் காரணம் விளங்கும். 'தள்ளிப் போகாதே', 'மறுவார்த்தை பேசாதே' இரண்டையும் எழுதியவர் தாமரை. ஆணின் ஏக்கத்தை ஒரு பெண் கவிஞர் எழுதினார்; ஒன்றுக்கு ரஹ்மானும் மற்றொன்றுக்குத் தர்புகா சிவாவும் இசையமைத்தார்கள். மெட்டுக்குச் சொல் இடிக்கும், சொல்லுக்காக மெட்டு வளையும். இரவல் காதல்தான், ஆனாலும் மூன்று பேர் கைபட்டுத் தேறிய காதல். தனியாக எழுதுகிறவருக்கு "இந்த வரி போதாது, இன்னொன்று எழுதுங்கள்" என்று சொல்ல ஆளில்லை. தயாரிப்பில் துணைக்கு ஆட்கள் இருந்தாலும் சொல்லுக்குக் காவல் இருந்ததாகத் தெரியவில்லை.

சொந்த அனுபவத்தைத் தன் பெயரிலேயே பாடுவது நமக்கு ஒட்டாது என்று ஒரு வாதம் வரலாம். அகத்திணையில் எவர் பெயரையும் சுட்டக்கூடாது என்றார் தொல்காப்பியர். அந்தப் பெயரின்மையால்தான் சங்கக் காதல் எல்லாருடையதும் ஆனது. சினிமாப் பாட்டும் தன்னை அறியாமல் அந்த வழியிலேயே போகிறது. ஆனால் ஆண்டாள் இருக்கிறாளே! நாச்சியார் திருமொழியில் தன் பெயரைச் சொல்லியே காதலித்தாள். 'சித்தார்த்' ஆல்பத்தில் 'டியர் சஹானா' என்ற தலைப்பைப் பார்த்தபோது எனக்கு அதனால்தான் ஆர்வம் எழுந்தது. சஹானா ஒரு பெண்ணின் பெயர்; ஒரு ராகத்தின் பெயரும்கூட. பெயர் சொல்லி அழைத்த அந்தக் கணத்தில் கேட்பவனுக்கு எதிரே ஒருவர் வந்துவிடுகிறார். இந்தத் துணிவு முதல் ஆல்பத்திலேயே வந்திருக்க வேண்டும்.

ஆங்கிலத்தில் எழுதியதைக் குற்றமாகச் சொல்ல மாட்டேன். கலிபோர்னியாவின் ஃப்ரீமாண்டில் வளர்ந்தவருக்கு மனம் முதலில் உடைந்த மொழி அதுவாக இருக்கலாம். ஆனால் சினிமாவுக்கு வெளியே தமிழில் காதல் பாட்டுக்கு இடமில்லை என்று எவரேனும் சொன்னால் மறுப்பேன். மலேசியாவின் திலீப் வர்மன் பாடிய 'கனவெல்லாம் நீதானே' இங்கே கைபேசிக்குக் கைபேசி புளூடூத்தில் தாவியது. எந்தப் படம் என்று பலரும் கேட்டுத் திரிந்தார்கள்.

பிறகொரு மாலை அந்தத் தம்பிக்கு 'என்ட்ரபி'யை மறுபடி கொடுத்தேன், இம்முறை ஆங்கிலச் சொற்கள் ஓய்ந்து குரல் மட்டும் ஆலாபனையாய் ஏறும் இடங்களை எடுத்து வைத்து. கேட்டு முடித்ததும், "இதுக்குத் தமிழ்ல வார்த்தை போட்டுருக்கலாம்ணே" என்றான்.