தொழுவும் தொழுமரமும்

அமெரிக்க மேற்குநிலத் திரைப்படங்களில் மாடோட்டி வருபவன் பெரும்பாலும் வெள்ளையன். ஆயினும் 1865இல் அடிமைமுறை ஒழிந்தபின் டெக்சாசிலிருந்து வடக்கே மந்தைகளை ஓட்டிச் சென்றோருள் நால்வரில் ஒருவர் கறுப்பினத்தவர் என வரலாற்றாசிரியர் பலர் மதிப்பிடுவர். அவருள் ஒருவரான நாட் லவ் 1907இல் தம் வரலாற்றைத் தாமே எழுதி வெளியிட்டார்.

நம் நாட்டில் மறதி வேறு வடிவம் கொண்டது. குற்றாலத்தில் அருவியாய் வீழ்ந்து தென்காசியைக் கடக்கும் சிற்றாறு பொருநையோடு கூடுமிடத்தைப் பாடுவது முக்கூடற்பள்ளு. அங்கே உழைப்பாளி மறைக்கப்படவில்லை, அவனே தலைவன். செம்மறையன், மயிலை, குற்றாலன் என்று அவன் மாடுகளின் பெயரை அடுக்கும் நயத்தை நாமும் பாராட்டுகிறோம். தொழுவில் செவிகொடுத்துக் கேளாத புலவர்க்கு அப்பெயர்கள் வாய்த்திரா. ஆனால் அம்மாடுகள் அவனுடையவை அல்ல. பண்ணைக்காரனுக்குக் கணக்கு ஒப்புவிக்கவே அவன் பேசுகிறான். அவனைத் தொழுமரத்தில் மாட்டுவதும், மாடு முட்டி அவன் வீழ்வதும் பெரும்பாலும் நகைச்சுவையாகவே படிக்கப்படுகின்றன. மாடு கட்டும் இடத்துக்கும் மனிதனைப் பூட்டும் மரத்துக்கும் தொழு என்னும் ஒரே சொல் வழங்கியதைக் கடந்துபோகிறோம்.

நாட் லவ்வின் நூலில் மிகை உண்டு. எனினும் குரல் அவருடையது. குடும்பன் பேசுவதோ புலவர் தந்த சொற்கள்.

ஆயர் என்னும் பெயர் பூண்ட நாம் யோவான் 10ஆம் அதிகாரத்துக் கூலியாளை எளிதில் பழிக்கிறோம். சொந்தமல்லாத மாட்டின்முன் நின்று குத்துப்பட்டவன் இக்குடும்பன். சிற்றாற்றங்கரைச் சபைகளில் நம் எதிரே அமர்ந்திருப்போருள் பிறர் மாட்டைக் கூலிக்கு மேய்த்தவரின் பேரப்பிள்ளைகள் உண்டு.