காலியோஸ்ட்ரோவின் நூல்: ஒரு கற்பனைச் சுவடியின் பலமும் பலவீனமும்

காலியோஸ்ட்ரோவின் நூல் என்பது மார்வெல் கதையுலகில் இடம்பெறும் ஒரு கற்பனைச் சுவடி. காலத்தை முன்னும் பின்னும் நகர்த்தும் மந்திரங்கள் இதில் இருப்பதாகக் கதை கூறுகிறது. ஸ்காட் டெரிக்சன் இயக்கி 2016-இல் வெளிவந்த டாக்டர் ஸ்ட்ரேஞ்ச் திரைப்படம், இந்நூலின் சில பக்கங்கள் கிழித்துத் திருடப்படுவதில்தான் தொடங்குகிறது.

பெயரும் மூலமும்

நூலுக்குப் பெயர் தந்தவர் உண்மையில் வாழ்ந்தவர். 1743-இல் சிசிலித் தீவின் பலெர்மோ நகரில் பிறந்த ஜுசெப்பே பல்சமோ, தன்னைக் காலியோஸ்ட்ரோ பிரபு என்று அழைத்துக்கொண்டு ஐரோப்பிய மேட்டுக்குடியினரிடையே வலம் வந்தார். இளமையை மீட்கும் மருந்து விற்றார். பிரெஞ்சு அரசியின் பெயரில் நடந்த வைர மாலை மோசடியில் குற்றம் சாட்டப்பட்டுப் பாஸ்டில் சிறையில் அடைக்கப்பட்டு, 1786-இல் விடுவிக்கப்பட்டார். பின்னர் ரோமில் கைதாகி, 1795-இல் சான் லியோ கோட்டைச் சிறையில் இறந்தார். சாகாவரம் தேடுவோரைப் பற்றிய படத்திற்கு இதைவிடப் பொருத்தமான பெயர் கிடைக்காது. ஆனால் ஒரு போலியின் பெயரை மெய்யான மந்திர நூலுக்கு ஏன் இட்டார்கள் என்பதைப் படம் யோசிக்கவே இல்லை.

சித்திரக்கதை இதில் சற்று மேல். ஸ்டீவ் எங்கிள்ஹார்ட், பிராங்க் பிரன்னர் இருவரும் 1973-74-இல் உருவாக்கிய கதையில், காலியோஸ்ட்ரோவாக நடிப்பவன் 31-ஆம் நூற்றாண்டிலிருந்து பின்னோக்கி வரும் மந்திரவாதி. அவன் பெயர் சைஸ்-நெக். விவிலியத்தின் முதல் நூலான ஆதியாகமத்தின் ஆங்கிலப் பெயரைத் தலைகீழாக எழுதினால் வருவது அது. ஏமாற்றுக்காரன் என்ற வரலாற்றுச் செய்தி அங்கே கதைக்குள்ளேயே வேலை செய்கிறது.

ஆப்பிளும் பக்கமும்

படத்தில் சுவடிக்குரிய சிறந்த காட்சி, காத்மாண்டுவிலுள்ள கமர்-தாஜ் நூலகத்தில் நிகழ்கிறது. ஸ்ட்ரேஞ்ச் நூலைப் படித்துக்கொண்டே 'அகமோட்டோவின் கண்' என்ற பதக்கத்தைத் திறக்கிறான். கடித்த ஆப்பிள் ஒன்று எதிரே இருக்கிறது. காலத்தைத் திருகுகிறான். ஆப்பிள் அழுகுகிறது, திரும்பவும் முழுக் கனியாகிறது. அடுத்து அதே மந்திரத்தை அந்த நூலின்மீதே ஏவுகிறான். கிழிக்கப்பட்ட பக்கங்கள் வந்து ஒட்டிக்கொள்கின்றன.

ஒரு சுவடி தான் கற்பித்த வித்தையாலேயே தன் சிதைவைச் சரிசெய்துகொள்வது அருமையான கற்பனை. ஏடு சிதைந்தால் உள்ளே இருந்ததும் போய்விடும் என்பதுதான் சுவடிகளின் நிரந்தரத் துயரம். பதிப்பாசிரியர்கள் ஆயுள் முழுக்கத் தேடும் விடுபட்ட பகுதியை இங்கே ஒரு கையசைவு மீட்டுவிடுகிறது. விலக்கப்பட்ட அறிவின் பழைய அடையாளமான கனி பக்கத்திலேயே இருப்பதும் தற்செயலாகத் தெரியவில்லை.

மோர்டோவும் நூலகர் வோங்கும் ஓடிவந்து அவனைத் தடுக்கிறார்கள். எச்சரிக்கைகள் மந்திரங்களுக்குப் பின்னால் எழுதப்பட்டுள்ளன என்ற நகைச்சுவை இதையொட்டி வருகிறது. நூலைப் பற்றிப் படம் செய்யும் கூர்மையான விமர்சனமும் அதுவே. கேசிலியஸ் தனக்கு வேண்டிய பக்கங்களை மட்டும் கிழித்துப்போனவன். எச்சரிக்கை அவனிடம் இல்லை. ஸ்ட்ரேஞ்சோ எச்சரிக்கைக்கு முன்பே செயலில் இறங்கியவன். இருவரும் ஒரே வகை வாசகர்கள்தான்.

காத்மாண்டுவில் இல்லாத நூல்

இச்சுவடி காத்மாண்டுவில் வைக்கப்பட்டிருப்பதில் ஒரு வேடிக்கை உண்டு. காலச்சக்கர தந்திரம் என்னும் பௌத்த நூல் சுமார் 11-ஆம் நூற்றாண்டில் சமஸ்கிருதத்தில் எழுந்தது. அண்டத்தின் கால சுழற்சியையும் உடலின் மூச்சையும் ஒன்றோடொன்று இணைத்துப் பேசுவது. திபெத்திய நாட்காட்டியின் கணக்கு அதன் வழி வந்தது. காலம் பற்றிய மெய்யான சுவடி மரபு ஒன்று இமயமலைப் பகுதியில் இருக்க, படம் அங்கே கொண்டுபோய் வைப்பது ஓர் இத்தாலியரின் பெயர் தாங்கிய நூலை. கதாநாயகன் சமஸ்கிருதம் கற்கிறான், ஆனால் அந்த மொழியின் சிந்தனை எதுவும் கதைக்குள் வருவதில்லை. காத்மாண்டு வெறும் பின்னணித் திரையாகவே நின்றுவிடுகிறது.

விதி மீறலும் விலையும்

படத்தின் பெரிய ஓட்டை ஹாங்காங் காட்சியில் இருக்கிறது. காலத்தைப் பின்னோக்கி ஓட்டி, இடிந்த தெருக்களையும் இறந்துபோன வோங்கையும் ஸ்ட்ரேஞ்ச் மீட்கிறான். சற்று முன்னர்தான் அவனுடைய குரு இறந்தார். மரணமே வாழ்வுக்குப் பொருள் தருகிறது என்று அவனுக்கு உணர்த்திவிட்டுப் போனார். அவரை மீட்க அவன் முயலவில்லை. வோங்குக்கு ஒரு நீதி, குருவுக்கு ஒரு நீதி ஏன்? இக்கேள்வியைப் படம் கேட்டிருந்தால் வேறு உயரத்துக்குப் போயிருக்கும். இயற்கை விதியை உடைத்ததற்கு விலை உண்டு என்று சொல்லி விலகிப்போகும் மோர்டோ மட்டுமே எச்சரிக்கைப் பகுதியைப் படித்தவனைப் போல் நடந்துகொள்கிறான். அவனை எதிர்காலத்து எதிரியாக்கி, அவனுடைய வாதத்துக்குப் பதில் சொல்லாமல் படம் நழுவிவிடுகிறது.

முடிவில் இன்னொரு சறுக்கல். பதக்கத்தின் ஆற்றல் அதிலுள்ள முடிவிலிக் கல்லுடையது என்று வோங் தெரிவிக்கிறான். அத்தோடு சுவடி வெறும் பயன்பாட்டுக் கையேடாகிவிடுகிறது. 2018-இல் வந்த அவெஞ்சர்ஸ்: இன்ஃபினிட்டி வார் படத்தில், அழிந்துபோன விஷனைத் தானோஸ் அதே கல்லால் காலத்தைத் திருப்பி மீட்டெடுத்து மீண்டும் கொல்கிறான். ஆப்பிளுக்கும் பக்கங்களுக்கும் நடந்ததே அங்கும் நடக்கிறது. ஆனால் தானோஸ் எந்த நூலையும் புரட்டியதில்லை.