இரவு வேலைக்குப் போகும் வள்ளி

தன் மணாளன் யாரென்று தானே முடிவு செய்த ஒருத்தியைத் தெய்வமாகக் கும்பிடும் ஊர் ஸ்ரீவில்லிபுத்தூர். இந்தப் பக்கத்துக் கோயில் பொங்கல்களில் விடிய விடிய நடக்கும் ‘வள்ளி திருமணம்’ நாடகமும் அப்படியொரு பெண்ணின் கதைதான். ஆண்டாளுக்கு மாலை சாத்துகிற நாம், வள்ளி வேடம் கட்டுகிறவளைக் ‘கூத்தாடி’ என்கிறோம்.

ஸ்பெஷல் நாடகத்தில் ஒத்திகை கிடையாது. ராஜபார்ட், ஸ்திரீபார்ட், பபூன், ஆர்மோனியக்காரர் எல்லோரும் தனித்தனியாகப் பேசி அழைக்கப்பட்டு, அன்றிரவு மேடையில் சேர்கிறார்கள். நாரதர் அடுத்து என்ன கேட்பார் என்று வள்ளிக்குத் தெரியாது. அந்த நொடியில் சொந்தமாகப் பதில் சொல்லி அவரை மடக்க வேண்டும். இது அறிவால் செய்கிற வேலை. ஊர் அதை அப்படிப் பார்ப்பதில்லை.

இந்த நடிகையரை ஆய்வு செய்து 2005இல் நூல் வெளியிட்ட சூசன் சைசர், அவர்களின் பயணத்தையும் கவனித்திருக்கிறார். ஊரே பார்க்க மேடையில் நிற்பவள், மேடைக்குப் போகும் வழியில் யார் கண்ணிலும் படாதிருக்க மூடிய வேனில் போகிறாள். ‘குடும்பப் பெண்’ என்ற பெயரை அவள் ஒவ்வொரு இரவும் சம்பாதிக்க வேண்டியிருக்கிறது.

நூற்பாலை ஓடும் ஊர் ராஜபாளையம். இரவு 7 மணி முதல் காலை 6 மணிவரை பெண்களை ஆலை வேலையில் வைக்க 1948ஆம் ஆண்டின் தொழிற்சாலைச் சட்டம் தடை விதித்தது. நாடக நடிகையின் வேலைநேரமோ அந்த இரவேதான். காக்கப்பட வேண்டியவள் ஒருத்தி, சந்தேகிக்கப்பட வேண்டியவள் இன்னொருத்தி.

1975 ஆகஸ்ட் 15 அன்று சென்னைத் தொலைக்காட்சி தொடங்கியது. அதன் தொடக்ககால நாடகங்களுக்குச் சென்னை சபா மேடைகள் ஆளும் கதையும் தந்தன. சபாக் குழுக்களின் ஆண்களில் பலர் அலுவலகம் முடித்து வந்து நடித்தவர்கள். அவர்களுக்கு அது கலை. சம்பளத்துக்கு நடித்த பெண்ணுக்கோ பிழைப்பு. சின்னத்திரை அவளைச் சோபா போட்ட வரவேற்பறையில் உட்கார வைத்து, எழுதிக் கொடுத்த வசனத்தைப் பேசச் சொன்னது. அவள் நம் வீட்டுக்குள் வந்தாள், கௌரவம் கொஞ்சம் கூடியது. ஆனால் எதிர்க்கேள்வி கேட்கிற வள்ளிக்கு அந்த வரவேற்பறையில் இடமில்லை.

ஆகவே ‘தொலைக்காட்சி நடிகைக்கு மதிப்பைத் தந்தது’ என்ற பேச்சை அப்படியே ஏற்க முடியவில்லை. வீட்டுக்குள் அடங்கும் பெண்ணைக் காட்டியபோதுதான் அந்த மதிப்பு கிடைத்தது. அடுத்த பொங்கலுக்கு வள்ளி வந்தால் தர்க்கம் முடியும்வரை உட்கார்ந்து கேளுங்கள். விடிந்தபின் அவள் எப்படி வீடு திரும்புகிறாள் என்றும் பாருங்கள்.