பன்னிரண்டு அம்மாக்கள்

நர்ஸிங்கில் எம்.எஸ்ஸி. படிக்கும் உறவுக்காரப் பெண் போனில் பொருமினாள். பிரசவ வார்டில் நர்ஸுகள் எப்படி நடத்துகிறார்கள் என்று பன்னிரண்டு அம்மாக்களைப் பேட்டி கண்டு ஆய்வேடு எழுதியிருந்தாள். வைவாவில் ஒரே கேள்வியில் உட்கார வைத்துவிட்டார்களாம்: 'பன்னிரண்டு பேர் சொன்னா ஆதாரமாயிடுமா?'

'நீங்களே சொல்லுங்க சித்தப்பா, ஆகாதா?'

ஆகும். ஆனால் எதற்கு ஆதாரம்? நூற்றுக்கு எத்தனை பேர் திட்டு வாங்குகிறார்கள் என்று பன்னிரண்டு பேரை வைத்துச் சொல்லமுடியாது. திட்டு எந்த ரூபத்தில் வருகிறது, வாங்கினவள் அடுத்த பிரசவத்துக்கு ஆஸ்பத்திரி வர ஏன் தயங்குகிறாள் என்று சொல்லலாம்.

2015-ல் மேகன் போரனும் சகாக்களும் 34 நாடுகளில் நடந்த 65 ஆய்வுகளைத் திரட்டி (பெரும்பாலும் இந்த மாதிரிப் பேட்டிகள்தான்) பிரசவ அறை அவமதிப்புகளை ஏழு வகையாகப் பிரித்தார்கள். அந்த அடிப்படையில் கானா, கினி, மியான்மர், நைஜீரியாவில் எண்ணிப் பார்த்தார்கள். முடிவு 2019-ல் லான்செட்டில் வந்தது. நேரில் கவனிக்கப்பட்ட 2,016 பெண்களில் 838 பேருக்கு அடி, திட்டு, பாகுபாடு இவற்றில் ஏதாவது ஒன்று நேர்ந்திருந்தது. எதை எண்ணவேண்டும் என்று புள்ளிவிவரத்துக்குச் சொல்லிக்கொடுத்ததே கதைகள்தான்.

அதற்காகப் பேட்டி எடுத்ததெல்லாம் விஞ்ஞானமாகிவிடாது. இப்படித் திரட்டிய முடிவுகளை எடைபோட 'சர்குவால்' என்று ஒரு முறை இருக்கிறது. போரன் குழுவும் அதைப் பயன்படுத்தியது. நாலே கேள்விகள். ஆய்வு நடத்திய விதத்தில் ஓட்டை உண்டா? சொல்லும் முடிவு, கிடைத்த தகவலோடு ஒட்டுகிறதா? தகவல் போதுமா? நம் கேள்விக்குப் பொருந்துமா? கடைசியில் உயர்ந்தது முதல் மிகக் குறைந்தது வரை நாலு படிகளில் நம்பிக்கை.

நல்ல முறைதான். ஆனால் தராசைப் பிடிப்பதும் மனுஷர்கள்தானே? பட்டியலைப் பார்த்து டிக் அடிக்கும் சடங்காகிவிட்டால் முதல் கேள்வியே காணாமல் போய்விடும். 'எத்தனை பேர்?' என்று கேட்பது சுலபம். 'கேட்டது யார், எங்கே வைத்து?' என்பதுதான் கஷ்டம். அதை நான் கேட்டேன்.

'வார்டுலதான் சித்தப்பா. டிஸ்சார்ஜுக்கு முந்தின நாள்.'

'யூனிஃபார்மோடயா போனே?'

கொஞ்ச நேரம் சத்தமில்லை.

'ஆமா... எல்லாருமே, தங்கமா பாத்துக்கிட்டாங்கன்னுதான் சொன்னாங்க.'

பிரச்னை பன்னிரண்டில் இல்லை.